ஆடித் தள்ளுபடிப் புடவையில் ஓட்டை: கடைக்காரர் கையை விரிக்கலாமா?

கேள்வி: வேலூரிலிருந்து தி.நகருக்கு ஆடித் தள்ளுபடிக்குப் போனோம். நெரிசலில் ஒரே புடவையை நானும் இன்னொரு பெண்ணும் பிடித்து இழுத்துவிட்டோம். 1,850 ரூபாய். வீட்டில் பிரித்தால் முந்தானையில் ஓட்டை. மறுவாரம் போனால், "நீங்கள் இழுத்துதான் கிழிந்தது, தள்ளுபடிச் சரக்கை மாற்ற மாட்டோம்" என்று எல்லார் முன்னாலும் கத்தினார்கள். என்ன செய்வது?

பதில்: முதலில் வெளிச்சத்தில் விரித்துப் பாருங்கள். இழுத்துக் கிழிந்தால் ஓரத்தில் நூல் பிசிறடித்து, சுற்றிலும் இழை விலகியிருக்கும். நெசவுக் குறை என்றால் பாவோ (நீளவாட்டு நூல்) ஊடையோ (குறுக்கு நூல்) நேர்கோட்டில் விட்டுப்போயிருக்கும். பக்கத்துத் துணி இழுபட்டிருக்காது. முதல் வகையானால் விட்டுவிடுங்கள். இரண்டாவதானால் துவைக்காதீர்கள், தைக்காதீர்கள், விலைச்சீட்டைப் பிய்க்காதீர்கள். பில்லின் மை சில மாதங்களில் மங்கிவிடும், இன்றே நகல் எடுங்கள்.

குறையுள்ள பொருளைத் திரும்பப் பெற்றுப் பணம் தர மறுப்பது 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி முறையற்ற வணிகம். பில்லில் குறிப்பிட்ட கெடுவுக்குள் கேட்க வேண்டும், கெடு இல்லையென்றால் 30 நாளுக்குள். 'மாற்ற இயலாது' என்று அச்சடிப்பது கெடு ஆகாது. தள்ளுபடிச் சரக்குக்கும் இதேதான்.

ஒரு விலக்கு உண்டு. 'டேமேஜ்' என்று சொல்லியே விலை குறைத்து விற்றிருந்தால், சொன்ன அந்தக் குறைக்காகக் கேட்க முடியாது. கறை இருக்கிறது என்று விற்றதில் ஓட்டையும் இருந்தால், ஓட்டைக்காகக் கேட்கலாம். பொத்தாம்பொதுவாக 'டேமேஜ் பிரிவு' என்று பலகை தொங்கினால் போதாது. எந்தக் குறை என்று உங்களிடம் சொன்னார்களா என்பதே கேள்வி.

15 நாள் அவகாசம் தந்து கடைக்கு விரைவு அஞ்சலில் கடிதம் அனுப்புங்கள். தேசிய நுகர்வோர் உதவி எண்ணான 1915-ஐ அழைத்துப் புகாரையும் பதியுங்கள். அசையாவிட்டால் வேலூர் மாவட்ட நுகர்வோர் ஆணையத்திலேயே வழக்குப் போடலாம், சென்னைக்கு அலைய வேண்டாம். இரண்டு ஆண்டுக்குள் போட வேண்டும். பொருளுக்குக் கொடுத்த விலை 5 லட்சம் ரூபாய் வரை என்றால் கட்டணமில்லை, வக்கீலும் கட்டாயமில்லை. கத்தியதற்கு மன உளைச்சல் இழப்பீட்டை அதிலேயே கேளுங்கள்.

ஆணைய வாசலில் "நான் முடித்துத் தருகிறேன், வருவதில் பாதி" என்று வரும் தரகரிடம் அசல் பில்லைக் கொடுத்துவிடாதீர்கள். அது போனால் வழக்கு பலவீனமாகிவிடும். இணையத்தில் தேடிக் கிடைக்கும் 'கஸ்டமர் கேர்' எண்ணை நம்பி ஓடிபி சொல்வது அதைவிட மோசம். புடவைப் பணத்தோடு வங்கிப் பணமும் போகும்.

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் சேர்ந்து மூன்று மாதத்தில் முடிக்க முயல வேண்டும் என்கிறது சட்டம். நடப்பதோ வாய்தாவுக்கு மேல் வாய்தா. 1,850 ரூபாய்க்காக ஒருவரை ஆண்டுக்கணக்கில் நடக்கவிடுவது அநியாயம். கடைக்காரர்களின் துணிச்சலே அதில்தான் இருக்கிறது. ஆகவே வழக்கு வரை போகாமலே முடியும்படி, கடைக்கு அனுப்பும் அந்த முதல் கடிதத்தில் பில் எண், தேதி, ஓட்டையின் அளவு, கேட்கும் தொகை நான்கையும் எழுதி, படத்தையும் இணையுங்கள்.