பத்து சதவீதக்காரர்கள்: வாசகர் கேள்வி–பதில்

முகவர் நிறுவனம் ஒன்றைக் களமாகக் கொண்ட பிரெஞ்சுத் தொலைக்காட்சித் தொடரான 'தீ பூர் சான்' பற்றிச் சென்ற இதழில் வெளிவந்த சிறு குறிப்பைப் படித்த வாசகர்கள் பலர், நடிகர்களுக்கு வேலை தேடித் தந்து அவர்களுக்காக ஒப்பந்தம் பேசும் முகவர்களைப் பற்றிக் கேட்டு எழுதியிருக்கிறார்கள். அவற்றுள் சில கேள்விகளுக்கு இங்கே விடை அளிக்கிறோம்.

அந்தத் தொடரில் வரும் முகவர் நிறுவனம் உண்மையில் இருந்ததா? உள்ளே இருந்து பார்த்தவர் எழுதியதைப் போல அல்லவா இருக்கிறது? (வாசகர், திருச்சி)

தொடரில் வரும் 'ஆஸ்க்' நிறுவனம் கற்பனை. ஆனால் உள்ளே இருந்து பார்த்தவர் ஒருவர் அதன் பின்னால் இருக்கிறார் என்று நீங்கள் ஊகித்தது சரியே. அவர் பெயர் டொமினிக் பெனெயார். படங்களுக்கு நடிகர்களைத் தேர்வு செய்து கொடுப்பவராகத் தொழிலைத் தொடங்கிய அவர், 1986 முதல் 2006 வரை இருபது ஆண்டுகள் பாரிஸின் ஆர்ட்மீடியா நிறுவனத்தில் முகவராக இருந்தார். நத்தாலி பாய், பெயாத்ரிஸ் தால் போன்ற நடிகைகளின் தொழில் அவர் கைகளில் இருந்தது. அங்கிருந்து விலகித் தயாரிப்பு நிறுவனம் தொடங்கிய பிறகு, தான் கண்டதையும் கேட்டதையும் தொடராக்கும் எண்ணத்தோடு நெடுநாள் அலைந்தார். அந்த எண்ணத்துக்கு எழுத்து வடிவம் கொடுத்தவர் ஃபானி எரெரோ. 2015 அக்டோபரில் 'பிரான்ஸ் 2' அலைவரிசையில் முதல் பகுதி ஒளிபரப்பாயிற்று. 2020 வரை நான்கு பருவங்கள் வந்தன. இந்தியிலும் 2021இல் மும்பைத் திரையுலகைக் களமாகக் கொண்டு அதை மறுவடிவம் செய்தார்கள்.

நிறுவனத் தலைவர் விடுமுறையில் குளவியை விழுங்கி இறந்துபோவதிலிருந்து கதை விறுவிறுப்பாகவே நகர்கிறது. அதெல்லாம் தொடருக்கான அலங்காரம். தொழிலின் உண்மை எனக்குத் தெரிந்தது முதல் பகுதியில்தான். வயதாகிவிட்டது என்று காரணம் காட்டி ஓர் அமெரிக்கப் படத்திலிருந்து நடிகை செசில் தெ பிரான்ஸை விலக்கிவிடுகிறார்கள் (இதில் அவர் தம் பெயரிலேயே நடித்திருக்கிறார்). அதை அவரிடம் எப்படிச் சொல்வது என்று தெரியாமல் முகவர் தவிக்கிறார். ஒப்பந்தப் பேச்சு, விழா, விருந்து எல்லாவற்றையும் விட, கசப்பான செய்தியை யாராவது ஒருவர் கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும் என்பதற்காகவே இந்த வேலை உண்டாயிற்றோ என்று தோன்றும்.

'தீ பூர் சான்' என்றால் பத்து சதவீதம் என்று எழுதியிருந்தீர்கள். இது ஊர் வழக்கமா, சட்டமா? (வாசகி, கோயம்புத்தூர்)

வழக்கமாக இருந்தது, சட்டமும் ஆகிவிட்டது. பிரான்ஸில் 2011ஆம் ஆண்டின் அரசாணை ஒன்று, கலைஞர் பெறும் மொத்த ஊதியத்தில் பத்து சதவீதத்துக்கு மேல் முகவர் வாங்கக் கூடாது என்று வரம்பு கட்டியிருக்கிறது. ஒரு நடிகைக்கு ஒரு லட்சம் யூரோ பேசி முடித்தால் முகவருக்கு அதிகபட்சம் பத்தாயிரம். கலைஞரின் வளர்ச்சியைத் திட்டமிட்டு நடத்தும் பொறுப்பையும் கலைஞரின் சம்மதத்தோடு ஏற்றால் இது பதினைந்து சதவீதம் வரை போகலாம். இசைத் துறையில் 'மேனேஜர்' என்று அழைக்கப்படுகிறவர்களுக்கு இந்த இடம் பொருந்தும். இருவரும் ஒப்புக்கொண்டால் அந்தத் தொகையை முழுவதுமாகவோ பகுதியாகவோ தயாரிப்பாளரே கொடுக்கும்படியும் செய்துகொள்ளலாம்.

இவ்வளவு கறாராகச் சட்டம் ஏன் தலையிடுகிறது என்று நீங்கள் கேட்கக்கூடும். பிரெஞ்சுத் தொழிலாளர் சட்டத்தின் பார்வையில் நடிகரும் பாடகரும் ஊதியம் பெறும் தொழிலாளர்கள். எனவே அவர்களுக்கு வேலை தேடித் தருகிறவர் அந்த ஊதியத்திலிருந்து எவ்வளவு எடுத்துக்கொள்ளலாம் என்பதை அரசு தன் பொறுப்பாகக் கருதுகிறது. பன்னிரண்டு மாதங்களுக்குள் 507 மணி நேரம் வேலை பார்த்ததாகக் கணக்குக் காட்டினால்தான் கலைஞர்களுக்கு வேலையில்லாக் காலத்து உதவித்தொகை கிடைக்கும் என்றொரு விதியும் அங்கே உண்டு. ஆகவே, பெயர் பெறாத நடிகருக்காகப் பேசும் முகவர், தொகையைப் போலவே நாள்களையும் எண்ண வேண்டியிருக்கிறது.

பழைய பிரெஞ்சுப் பாடகர்களுக்கு எல்லாவற்றையும் தீர்மானிக்கும் ஒரு மேலாளர் இருந்தாராமே? (வாசகர், மதுரை)

நீங்கள் குறிப்பிடுவது ஜானி ஸ்டார்க்கை என்று நினைக்கிறேன். அவ்வகையினரை அங்கே 'இம்ப்ரெசாரியோ' என்பார்கள். அவிஞ்ஞோன் நகரத்துக் கல்தச்சர் ஒருவரின் பதினான்கு பிள்ளைகளில் மூத்தவரும், கடித உறை செய்யும் ஆலையில் வேலை பார்த்தவருமான மிரெய் மத்தியூ, 1965 நவம்பரில், தமது பத்தொன்பதாம் வயதில், ஒரு ஞாயிற்றுக்கிழமைத் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் பாடினார். புகழ்பெற்ற பாடகி எடித் பியாஃப் இறந்து இரண்டு ஆண்டுகளே ஆகியிருந்த நேரம். அதே போன்ற குரலைக் கேட்டு நாடே நிமிர்ந்து உட்கார்ந்தது. ராக் பாடகர் ஜானி ஹாலிடேயின் தொழிலை முன்னரே கவனித்திருந்த ஸ்டார்க், அந்தப் பெண்ணின் பொறுப்பை ஏற்றார். 1989இல் தாம் இறக்கும் வரை அவர் அதை விடவில்லை. பாட்டு, மேடை நடை, உடை, வெளிநாட்டுப் பயணம் என்று எதுவும் அவர் கண்ணுக்குத் தப்பியதில்லை.

இதை அடக்குமுறை என்பவர்கள் உண்டு. பின்புலம் எதுவும் இல்லாத இளம்பெண்ணுக்குக் கிடைத்த காவல் என்பவர்களும் உண்டு. என் எண்ணத்தில் இரண்டும் ஒன்றோடொன்று கலந்தே இருந்தன. ஏறத்தாழ கால் நூற்றாண்டு ஒருவரையே நம்பியிருந்த பாடகிக்கு, அவர் மறைந்த மறுநாள் எப்படி விடிந்திருக்கும் என்பதை மட்டும் நினைத்துப் பார்க்கிறேன்.

நடிகை பிரிஜித் பார்தோவுக்கு முகவராக இருந்த ஓல்கா ஓர்ஸ்டிக் வேறு வகை. அவரைப் பார்தோ 'மாமா ஓல்கா' என்று அழைப்பார். நம் காதில் முறை மாறி விழுந்தாலும், அங்கே அதற்கு அம்மா என்றே பொருள்.

பெயர் பெற்ற முகவர்கள் பலரும் கடைசியில் தயாரிப்பாளர்களாகிவிடுகிறார்களே, பணத்துக்காகவா? (வாசகர், கும்பகோணம்)

பணம் ஒரு காரணமாக இருக்கலாம். முதன்மையான காரணம், பிரான்ஸில் இரண்டையும் ஒருசேரச் செய்ய முடியாது என்பதே. திரைப்படமோ தொலைக்காட்சி நிகழ்ச்சியோ தயாரிப்பவர், நேரடியாகவோ பினாமி வழியாகவோ, கலைஞர்களின் முகவராக இருக்கக் கூடாது என்று சட்டம் தடுக்கிறது. நடிகருக்கு அதிக ஊதியம் கேட்க வேண்டியவரே அந்த ஊதியத்தைக் கொடுக்க வேண்டியவராகவும் இருந்தால், அவர் யார் பக்கம் பேசுவார் என்பது தெளிவான கேள்வி. மேடை நிகழ்ச்சிகளுக்கு மட்டும் சற்றுத் தளர்வு உண்டு: உரிய உரிமம் இருந்தால் முகவர் மேடை நிகழ்ச்சியைத் தயாரிக்கலாம், ஆனால் அதில் பங்கேற்கும் எந்தக் கலைஞரிடமும் அவர் தரகு வாங்க முடியாது.

இந்த வேலி எத்தகையது என்பதற்கு ஆர்ட்மீடியாவின் வரலாறே போதும். அதை 1970இல் நிறுவிய ழெரார் லெபோவிசி, இளமையில் நடிகராக விரும்பியவர். சிறிய முகவர் அலுவலகங்களை ஒன்றாக்கி, நடிகர், இயக்குநர், கதாசிரியர் ஆகிய மூவரையும் ஒரே கூரையின் கீழ்க் கொண்டுவந்து, ஒரு படத்துக்குத் தேவையான ஆட்களைத் தொகுப்பாகவே தயாரிப்பாளர் முன் வைக்கும் அமெரிக்க முறையைப் பாரிஸில் வேரூன்றச் செய்தவர் அவர்தான். ஒரு பக்கம் நட்சத்திரங்களின் ஒப்பந்தங்களைப் பேசிக்கொண்டே, மறுபக்கம் 'ஷான் லீப்ர்' என்ற பதிப்பகத்தின் வழியாகப் புரட்சிகர அரசியல் நூல்களை வெளியிட்ட விசித்திரமான மனிதர். அவரும் எண்பதுகளின் தொடக்கத்தில் முகவர் தொழிலிலிருந்து விலகித் திரைப்பட வெளியீட்டு நிறுவனம் தொடங்கினார். 1984 மார்ச் மாதத்தில், பாரிஸின் ஃபோஷ் அவென்யூவில் உள்ள நிலத்தடி வாகன நிறுத்துமிடத்தில், தம்முடைய காருக்குள்ளேயே அவர் சுட்டுக் கொல்லப்பட்டுக் கிடந்தார். கொன்றவர் யார் என்பது இன்றுவரை வெளிப்படவில்லை.

ஆர்ட்மீடியாவுக்குத் தலைமை தாங்கிய ழான் லூயி லிவியும் (நடிகரும் பாடகருமான ஈவ் மோந்தானின் அண்ணன் மகன்) பின்னர் வெளியேறித் தயாரிப்பாளரானார். பெனெயாரைப் பற்றி முன்பே சொன்னேன். பிறருடைய படங்களுக்காக இருபது ஆண்டுகள் தொலைபேசியில் வாதாடிய ஒருவருக்கு, தமக்கென ஒரு படம் வேண்டும் என்று தோன்றுவதில் வியப்பில்லை. அந்த ஆசை வந்த அன்றே நாற்காலியைக் காலி செய்ய வேண்டும் என்பது அங்குள்ள ஏற்பாடு. அதை நான் குறையாகக் கருதவில்லை.

என் மகள் பிரெஞ்சு இலக்கியம் படிக்கிறாள். இந்தத் தொழிலுக்குப் போக விரும்புகிறாள். என்ன படிக்க வேண்டும்? (வாசகி, புதுச்சேரி)

இதற்கென்று கட்டாயமான பட்டமோ அரசுத் தேர்வோ அங்கே இல்லை. முன்பு உரிமம் பெற வேண்டியிருந்தது. 2010 ஜூலையில் வந்த சட்டம் அந்த உரிம முறையையும் நீக்கிவிட்டது. சட்டம் படித்தவர்களும் இலக்கியம் படித்தவர்களும் வருகிறார்கள். பெரும்பாலோர் முகவர் ஒருவருக்கு உதவியாளராகச் சேர்ந்தே தொடங்குகிறார்கள். தொலைபேசிக்குப் பதில் சொல்வது, குவியும் திரைக்கதைகளைப் படித்துச் சுருக்கம் எழுதுவது, நடிகரின் கால்ஷீட்டை மோதாமல் பார்த்துக்கொள்வது ஆகியவையே அந்த நாற்காலியின் பாடத்திட்டம். மாலையானால் நாடக அரங்குகளுக்குப் போய், மூன்றாவது வரிசைப் பாத்திரத்தில் நடிக்கும் புதுமுகத்தைக் கவனிக்க வேண்டும்.

உங்கள் மகளுக்கு மொழி கைகொடுக்கும். ஆனால் அங்கே பேச்சுவழக்கு வேறு, இலக்கியம் வேறு என்பதை நினைவில் வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். தரகு என்பது கலைஞருக்கு வேலை கிடைத்தால்தான் கிடைக்கும் என்பதால், தனியாகத் தொழில் தொடங்குமுன் சில ஆண்டுகளேனும் மாத ஊதியத்தில் ஒரு நிறுவனத்தில் இருப்பது நல்லது.

தொடரில் மூத்த முகவரான அர்லெத்தின் நாய்க்கு ஏன் 'ழான் காபின்' என்று பெயர்? (வாசகர், சேலம்)

ழான் காபின் (1904–1976) பிரெஞ்சுத் திரையின் மாபெரும் நடிகர்களில் ஒருவர். பழைய காலத்தை மறக்காத முகவர் தம் நாய்க்கு அப்பெயரை வைத்ததில் பக்தியும் குறும்பும் சம அளவில் இருக்கின்றன. அந்த அலுவலகத்தில் ஒருமுறைகூட ஊதிய உயர்வு கேட்காத ஒரே நட்சத்திரமும் அதுதான்.