காலியிடம் இருந்தது, பட்டியலில்தான் இல்லை

கல்வித் துறை அலுவலகம் ஒன்றில் ஆசிரியர் இடமாறுதல் கோப்புகளைப் பார்த்து, கண்காணிப்பாளராக ஓய்வு பெற்றவர் வாசகர் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.

கேள்வி: கமுதிப் பக்கம் 9 ஆண்டுகளாக இடைநிலை ஆசிரியை. கணவருக்கு வேலூரில் அரசு வேலை. இந்த இடமாறுதல் கலந்தாய்விலும் அங்கே இடமில்லை என்றார்கள். மூன்று மாதம் கழித்து, நான் கேட்ட ஒன்றியத்துக்கே ஒருவர் மாறுதலில் போயிருக்கிறார். கணவன்-மனைவி முன்னுரிமை வெறும் பேச்சுதானா? வழக்குப் போடலாமா?

பதில்: வெறும் பேச்சு இல்லையம்மா. ஆனால் முன்னுரிமை உங்களை வரிசையில் முன்னால் நிறுத்தும், அவ்வளவுதான். இடத்தை உண்டாக்கித் தராது. தொடக்கக் கல்வியில் முதலில் ஒன்றியத்துக்குள், பிறகு மாவட்டத்துக்குள், கடைசியில்தான் மாவட்டம் விட்டு மாவட்டம். உங்கள் முறை வருவதற்குள் பஸ் நிற்கிற ஊரெல்லாம் போயிருக்கும். பார்வையற்றோர், புற்றுநோய்க்கு சிகிச்சை பெறுவோர் என்று உங்களுக்கு முன்னால் நிற்பவர்களும் உண்டு. அதில் குறை சொல்ல எதுவுமில்லை.

வழக்கு கஷ்டம். 1993-ல் ஷில்லாங்கில் இருந்த மத்திய அரசு ஊழியர் அப்பாஸின் வழக்கில், தம்பதியை ஒரே ஊரில் வைக்கச் சொல்லும் நெறிமுறையை அதிகாரி மனதில் கொள்ள வேண்டும், ஆனால் ஊழியர் அதை உரிமையாகக் கேட்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

என்னை உறுத்துவது அந்த மூன்று மாதம். யாராவது ஓய்வு பெற்று நிஜமாகவே பிற்பாடு காலியாகியிருக்கலாம். அப்படி இல்லாமலும் நடக்கும். பள்ளி விவரங்களை ஆன்லைனில் வைக்கும் எமிஸ் தளமெல்லாம் வராத காலம், ஒரு மே மாதம். காலிப்பணியிடப் பட்டியலை டைப் அடித்தவன் நான். "அந்த ரெண்டு ஸ்கூலை விட்டுடுங்க" என்று வாய்மொழி உத்தரவு. விட்டுவிட்டேன். கலந்தாய்வு அன்று கைக்குழந்தையோடு வந்த ஒரு டீச்சர் அதில் ஒரு பள்ளியின் பெயரைச் சொல்லி, "அங்கே ஆள் இல்லையே சார்" என்றார். "லிஸ்ட்ல இல்லம்மா" என்றேன். பொய் இல்லைதான். ஜூலையில் இரண்டு இடமும், கலந்தாய்வு இல்லாமல் நேரடியாகப் போடும் 'நிர்வாக மாறுதல்' என்ற பெயரில் நிரம்பின. உத்தரவை டைப் அடித்ததும் நானே.

அதனால் 2005-ம் ஆண்டு தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போடுங்கள். 10 ரூபாய் செலவு, 30 நாளில் பதில் தர வேண்டும். 'ஏன் எனக்குத் தரவில்லை' என்று கேட்காதீர்கள்; 'ஏன்' என்பதற்கு மழுப்பலாக ஒரு வரி வரும். அந்த இடம் காலியான தேதி என்ன, கலந்தாய்வுப் பட்டியலில் அது இருந்ததா, வந்தவரின் மாறுதல் உத்தரவு நகல். இவ்வளவு போதும். இடம் காலியான தேதி கலந்தாய்வுக்கு முந்தையதாக இருந்தால், பட்டியலை மறைத்ததாக எழுத்தில் முறையிட உங்கள் கையில் ஆதாரம் இருக்கும்.

கேள்வி: எம்.எல்.ஏ. பரிந்துரைக் கடிதம் வாங்கினால் நடக்குமா?

பதில்: நடந்ததைப் பார்த்திருக்கிறேன். ஆனால் 1973-ம் ஆண்டு அரசு ஊழியர் நடத்தை விதிகள் அதைத் தடுக்கின்றன. இன்னொன்று, ஒரே இடத்துக்கு நான்கு கடிதம் வந்து, எதுவும் பலிக்காமல் நான்கும் மேசைக் கண்ணாடிக்கு அடியில் கிடந்ததும் உண்டு.

கேள்வி: இருவர் பேசி இடம் மாற்றிக்கொள்ளும் மனமொத்த மாறுதலுக்கு ஒருவர் சம்மதிக்கிறார். அவருக்கு ஓய்வு பெற இன்னும் கொஞ்ச காலம்தான். ஆனால் பணம் கேட்கிறார். இரண்டு பேருக்கும் சம்மதம் என்றால் தப்பா?

பதில்: இரண்டு பேருக்கு மட்டும் சம்மதம் என்பதுதான் சிக்கல். நீங்கள் மாற்றிக்கொள்ளாவிட்டால், அவர் ஓய்வு பெற்றதும் அந்த இடம் காலியாகி, கலந்தாய்வுக்கு வந்திருக்கும். மேலே கேள்வி கேட்டிருக்கும் கமுதி டீச்சர் மாதிரி ஒருவர் அதை எடுத்திருப்பார். உங்களுக்கு அவசரம் இருக்கலாம், இல்லை என்று சொல்லவில்லை. பணம் கொடுக்காதீர்கள். கேட்காமல் சம்மதிக்கிற வேறு ஆளைத் தேடுங்கள், கிடைக்காவிட்டால் வரிசையில் நில்லுங்கள்.