டிராக்டர் ஸ்டேஷன்ல நிக்குது, வெளிய எடுக்க என்ன வழி?

கேள்வி: லால்குடி பக்கம் கொள்ளிடக்கரைல எங்க ஊரு. பைனான்ஸ்ல எடுத்த டிராக்டர், ஆர்சி அப்பா பேர்ல இருக்கு. டிரைவர் ராத்திரி ஆத்துல ஒரு யூனிட் மணல் ஏத்திட்டு வரும்போது போலீஸ் மடக்கிருச்சு. அவருக்கு ஜாமீன் கிடைச்சிருச்சு, ஆனா வண்டி மூணு மாசமா ஸ்டேஷன்ல வெயில்லயும் மழைலயும் நிக்குது, டியூ கட்ட முடியல. பணம் குடுத்தா ஃபைன் கட்டி எடுத்துத் தரேன்னு ஒருத்தர் சொல்றார். நம்பலாமா? (பெயர் வேண்டாம்)

பதில்: தம்பி, அந்த ஆளுக்கு ஒத்த ரூபா குடுக்காதீங்க. மணல் கேஸ்ல பிடிச்ச வண்டிய விடுறதா பறிமுதல் பண்றதான்னு முடிவு பண்றது கோர்ட். கனிமவளச் சட்டம் 21-ம் பிரிவுல அப்படித்தான் இருக்கு. அபராதம் கட்டி சமரசம் பண்ணிக்கிற வழி அதே சட்டத்துல 23ஏ-ல இருக்குறது உண்மைதான், அதுக்குன்னு அதிகாரம் குடுத்த அதிகாரிகிட்ட ரசீதோட கட்டணும். ஆனா உங்க எஃப்ஐஆர்ல திருட்டுப் பிரிவும் சேந்திருந்தா அபராதம் கட்டினதால அந்தக் கேஸ் முடியாது, 2020 டிசம்பர்ல சுப்ரீம் கோர்ட் இதத் தெளிவாவே சொல்லிருச்சு. இது தெரியாம பணத்தக் கட்டிட்டு, வண்டியும் வராம நிக்கிறவங்க நிறைய பேர்.

அதனால முதல்ல எஃப்ஐஆர் காப்பி வாங்கி என்னென்ன பிரிவு போட்டிருக்காங்கன்னு பாருங்க. கனிமவளச் சட்டப் பிரிவு இருந்தா அதுக்குன்னு அறிவிச்ச சிறப்பு நீதிமன்றத்துல மனு போடணும், வெறும் திருட்டுப் பிரிவுன்னா மாஜிஸ்திரேட் கோர்ட். தப்பான கோர்ட்ல போட்டு அது திரும்பி வர்றதுக்குள்ள மாசக்கணக்கா போயிரும், அதுக்குள்ள டயர் வெடிச்சிரும், பேட்டரி செத்துரும், அதனால உங்க மாவட்டத்துக்கு எந்தக் கோர்ட்டுன்னு இந்த மாதிரி கேஸ் பாத்த வக்கீல்கிட்ட கேட்டுட்டே போடுங்க. 2024 ஜூலைக்கு அப்புறம் மனு புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டமான பிஎன்எஸ்எஸ்ல 497, 503-ன்னுதான் போடுவாங்க, பழைய சட்டத்துல இருந்த 451, 457 அதுதான்.

மனுதாரர் நீங்க இல்ல, அப்பா. ஆர்சி யார் பேர்லயோ அவர்தான் கேக்கணும். ஆர்சி, இன்சூரன்ஸ், அவரோட ஆதார், பைனான்ஸ் கம்பெனி லோன் ஸ்டேட்மெண்ட், இந்த வண்டி மேல இதுக்கு முன்னாடி கேஸ் இல்லைங்கிற விவரம் எல்லாம் வேணும். விவசாயத்துக்குத்தான் ஓட்டுறீங்கன்னா சிட்டா, அடங்கலும் சேத்து வைங்க, சும்மா வாயால சொன்னா எடுபடாது.

வண்டிய ஸ்டேஷன்ல வருஷக்கணக்கா போட்டு மக்க விடக்கூடாது, ஃபோட்டோ எடுத்து, பத்திரமும் ஜாமீனும் வாங்கிட்டு இடைக்காலமா குடுக்கலாம்னு 2002-லயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்குல சுப்ரீம் கோர்ட் சொல்லிருக்கு, உங்க வக்கீல் முதல்ல எடுக்கப்போறதே அதாத்தான் இருக்கும். ஆனா மணல் வண்டிக்கு அது மட்டும் பத்தாது. 2018 அக்டோபர்ல ஹைகோர்ட் மதுரைக் கிளை மணல் வண்டிகள விடாம பறிமுதல் நடவடிக்கை எடுக்கணும்னு உத்தரவு போட்டதுல இருந்து பிடி இறுகிப்போச்சு. அதே வருஷம் ஆகஸ்ட் வெள்ளத்துல திருச்சி கொள்ளிடம் பழைய இரும்புப் பாலம் சரிஞ்சத நீங்களே பாத்திருப்பீங்க, மணல் அள்ளுனதும் ஒரு காரணம்னு ஊரே பேசிச்சு. 2003-ல இருந்து ஆத்து மணல் அள்ளுற உரிமை அரசாங்கத்துக்கு மட்டும்தான். ஒரு யூனிட்தானேன்னு உங்களுக்குத் தோணும், ஆனா ராத்திரிக்கு ராத்திரி எத்தன டிராக்டர் ஒரு யூனிட் எடுக்குதுன்னு யோசிச்சுப் பாருங்க, கரையோரக் கிணத்துக்குத் தண்ணி புடிச்சுக் குடுக்கிறது அந்த மணல்தான். கோர்ட் கடுமையா இருக்குறது எனக்கு நியாயமாத்தான் படுது.

இப்ப ஒண்ணு கேக்குறேன், உண்மையச் சொல்லுங்க. டிரைவர் உங்களுக்குத் தெரியாமத்தான் போனாரா? லெட்டர்ல நீங்க அத எழுதவே இல்ல. நிஜமாவே தெரியாதுன்னா அதான் உங்க கேஸோட பலம், அன்னைக்கு ராத்திரி அப்பாவும் நீங்களும் எங்க இருந்தீங்க, சாவி யார்கிட்ட இருந்துச்சு, எல்லாத்தையும் பிரமாணப் பத்திரத்துல எழுதுங்க. நீங்கதான் அனுப்பிச்சீங்கன்னா வக்கீல்கிட்ட அத ஒளிக்காதீங்க, பழிய டிரைவர் தலைல கட்டி பொய்ப் பிரமாணமும் போடாதீங்க. போன் கால் விவரத்த எடுத்தாலே போதும், மாட்டிப்பீங்க, அதோட அந்த மனுஷனுக்கும் ஒரு குடும்பம் இருக்கு.

பைனான்ஸ் கம்பெனிக்கு இன்னைக்கே எழுத்துமூலமா விஷயத்தச் சொல்லி டியூவுக்கு டைம் கேளுங்க, போன்ல சொன்னது கணக்குல வராது. மனு தள்ளுபடி ஆனா மனசு விட்ராதீங்க, அந்த ஆர்டர் காப்பியோட ஹைகோர்ட்டுக்குப் போலாம், உங்களுக்கு மதுரைக் கிளை.

வண்டிய விடுறப்ப பணம் டெபாசிட் கட்டு, விக்கக்கூடாது, உருமாத்தக்கூடாது, கூப்பிட்டா கொண்டுவரணும்னு கண்டிஷன் போடுவாங்க. திரும்ப மணலுக்குப் போனா அந்த ஆர்டர ரத்து பண்ணிருவாங்க, ரெண்டாவது தடவை கிடைக்கிறது ரொம்பக் கஷ்டம். எடுக்கப் போற அன்னைக்கு மெக்கானிக் ஒருத்தரக் கூட்டிட்டுப் போய் மகஜர்ல, அதாவது வண்டியப் பிடிச்சப்ப போலீஸ் எழுதின பட்டியல்ல, இருக்குற டயர், பேட்டரி, டிரெய்லர் எல்லாம் அப்படியே இருக்கான்னு சரிபாத்துட்டு, எதாவது குறைஞ்சா அங்கயே எழுதி வாங்கிட்டு அப்புறமா கையெழுத்துப் போடச் சொல்லுங்க அப்பாவ.