கூலி நோட்டைத் தூக்கிப் போடாதீர்கள்

வாசகர் கேள்வி – பதில்: சாலை விபத்து இழப்பீடு

கேள்வி: என் கணவருக்கு வயது 34. கொண்டலாம்பட்டிப் பக்கம் வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் கூலி வேலை. மூன்று மாதத்துக்கு முன் லாரி மோதி இறந்துவிட்டார். நானும் இரண்டு பிள்ளைகளும் மாமியாரும் இருக்கிறோம். சம்பளச் சீட்டு எதுவும் கிடையாது. டிரைவர் மேல் உள்ள கேஸ் முடிந்த பிறகுதான் இழப்பீடு கேட்க முடியும் என்கிறார்கள். உண்மையா?
– வாசகி, சேலம்

பதில்: உண்மையில்லை சகோதரி. கிரிமினல் கேஸ் வேறு, இழப்பீட்டு மனு வேறு. கேஸ் முடியட்டும் என்று காத்திருந்து கெடுவைத் தவறவிட்ட குடும்பங்கள் நிறைய. 2022 ஏப்ரல் 1 முதல், விபத்து நடந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் மனு போட வேண்டும் என்பது சட்டம். இந்தக் கெடுவை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்கு நடக்கிறது என்றாலும், அதை நம்பி உட்கார வேண்டாம். உங்களுக்கு இன்னும் மூன்று மாதம் இருக்கிறது. விபத்து வெளி மாவட்டத்தில் நடந்திருந்தாலும், நீங்கள் குடியிருப்பது சேலம் என்பதால் இங்குள்ள மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம்.

எஃப்.ஐ.ஆர். நகல், பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறப்புச் சான்று, வாரிசுச் சான்று, லாரியின் ஆர்.சி., இன்சூரன்ஸ் நகல், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை, இறந்தவரின் வயதுக்கான சான்று ஆகியவை தேவை. எஃப்.ஐ.ஆரில் ஒரு பெயர், ஆதாரில் ஒரு இனிஷியல், வாரிசுச் சான்றில் இன்னொரு எழுத்து என்று இருந்தால் அங்கேயே மாதக்கணக்கில் இழுக்கும். முதலில் மூன்றையும் பக்கத்தில் வைத்து ஒத்துப் பாருங்கள்.

சம்பளச் சீட்டு இல்லை என்று கலங்க வேண்டாம். எடைக்கு இவ்வளவு என்று கூலி எழுதும் பட்டறை நோட்டு, வங்கியில் போட்ட பணம், பிள்ளைகளின் பள்ளிக் கட்டண ரசீது எல்லாமே உதவும். பட்டறைக்காரர் சாட்சி சொல்ல வந்தால் இன்னும் பலம்.

கணக்கு இப்படித்தான் போடுவார்கள். மாதம் 15,000 ரூபாய் வருமானம் நிரூபணமானது என்று வையுங்கள். நிரந்தர வேலை இல்லாத, 40 வயதுக்கு உட்பட்டவர் என்பதால் எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம் கூட்டினால் 21,000. அவரை நம்பியிருப்பவர்கள் நான்கு பேர் என்பதால், அவருடைய சொந்தச் செலவுக்கென்று நாலில் ஒரு பங்கைக் கழிப்பார்கள், மீதி 15,750. வருடத்துக்கு 1,89,000. இந்த வருடத் தொகையை வயதுக்கேற்ற ஒரு எண்ணால் பெருக்குவார்கள்; 31 முதல் 35 வயதுக்கு அந்தப் பெருக்கு எண் 16. ஆக 30,24,000 ரூபாய். இதற்கு மேல் ஈமச்சடங்கு, சொத்திழப்பு (அவர் இருந்திருந்தால் சேர்த்திருக்கும் சொத்துக்கு ஈடு), துணையை இழந்ததற்கான தொகை உண்டு. வருமானம் 10,000 என்று மட்டும் ஏற்கப்பட்டால் இதே கணக்கு 20,16,000 ஆகிவிடும். அந்த நோட்டின் மதிப்பு இதுதான்.

இன்சூரன்ஸ் தரப்பு ‘தவறு யாருடையது என்று பார்க்காமலே 5 லட்சம் தருகிறோம்’ என்று வரலாம். மோட்டார் வாகனச் சட்டப்பிரிவு 164-ன்படி அது சரிதான். ஆனால் அதை வாங்கிக்கொண்டால் தீர்ப்பாயத்தில் போட்ட மனு காலாவதியாகிவிடும். மேலே சொன்ன கணக்கைப் போட்டுப் பார்க்காமல் எதிலும் கையெழுத்து வேண்டாம்; வெற்றுத் தாளில் கூடவே கூடாது. பெண்களுக்கு வருமான வரம்பு பாராமல் இலவச வழக்கறிஞர் உண்டு. மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். தொலைபேசி எண் 15100.

கேள்வி: அப்பாவை இரவில் இடித்துவிட்டுப் போன வண்டி எதுவென்றே தெரியவில்லை. யாரிடம் கேட்பது?
– வாசகர், வாழப்பாடி

பதில்: இதற்கு அரசுத் திட்டம் இருக்கிறது. 2022-ம் ஆண்டுத் திட்டப்படி உயிரிழப்புக்கு 2 லட்சம் ரூபாய். கோட்டாட்சியர் அல்லது வட்டாட்சியர் நிலையிலுள்ள விசாரணை அதிகாரியிடம் படிவம் 1-ல் விண்ணப்பம். ஆதார், பாஸ்புக், எஃப்.ஐ.ஆர்., பிரேதப் பரிசோதனை அறிக்கை நகல்கள் சேருங்கள். பிறகு வண்டி பிடிபட்டு வேறு இழப்பீடு கிடைத்தால் இந்தத் தொகையைத் திருப்பித் தருவதாக உறுதிமொழியும் கேட்பார்கள். அதிகாரி அறிக்கை தர ஒரு மாதம், ஆட்சியர் நிலையில் அனுமதிக்க 15 நாள். ஒரு மாதத்துக்குள் வண்டி தெரியவில்லை என்றால், இந்தத் திட்டத்தைப் பற்றிக் காவல் நிலையம் குடும்பத்துக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும் என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. அந்தக் கடிதத்தைக் கேட்டு வாங்குங்கள்.

இன்னொன்று. அப்பாவின் பாஸ்புக்கில் மே, ஜூன் மாதப் பதிவுகளைப் பாருங்கள். 20 ரூபாய் பிடித்திருந்தால் அது பிரதமரின் விபத்துக் காப்பீடு; அதில் 2 லட்சம் தனி. 30 நாளுக்குள் வங்கியில் கோர வேண்டும்.

கேள்வி: ஏற்காட்டில் காபி எஸ்டேட் வேலைக்குப் போன அண்ணன், குப்பனூர் சாலையில் பிக்-அப் வண்டி கவிழ்ந்து இறந்தார். சரக்கு வண்டி என்பதால் இன்சூரன்ஸ் இல்லை என்கிறார்களே?
– வாசகர், ஏற்காடு

பதில்: பாதி சரி. சரக்கு வண்டியில் சும்மா ஏறிப் போனவருக்கு இன்சூரன்ஸ் பொறுப்பில்லை என்று 2002-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்போதும் வண்டி உரிமையாளர் பொறுப்பு போகாது. அவர் மேல் மனு போடலாம். ஆனால் உங்கள் அண்ணன் அந்த வண்டிக்காரரிடமே வேலை பார்த்தவர், வேலை நிமித்தமாக வண்டியில் போனவர் என்றால், தொழிலாளர் இழப்பீட்டு விதிகளின் அளவுக்கு இன்சூரன்ஸ் பொறுப்பேற்க வேண்டியிருக்கும். அதனால் வண்டி யாருடையது, அண்ணனுக்குக் கூலி கொடுத்தது யார் என்ற இரண்டையும் முதலில் தெளிவுபடுத்துங்கள். எஃப்.ஐ.ஆரில் வெறும் ‘பயணி’ என்று பதிவாகியிருந்தால், கூட இருந்த தொழிலாளர்களின் வாக்குமூலத்தில் நடந்ததை நடந்தபடி பதியச் சொல்லுங்கள். தொழிலாளர் துறை அதிகாரியிடம் போவதா, தீர்ப்பாயத்துக்குப் போவதா என்பதை வழக்கறிஞரோடு கணக்குப் பார்த்து முடிவு செய்யுங்கள்; இரண்டில் ஒன்றுதான் கிடைக்கும்.