எந்தச் சிவானந்தன்?

கேள்வி: ஒரே பெயர் கொண்ட வெவ்வேறு பிரபலங்கள் யார் யார்? அவர்களில் ஒருவரை மற்றவர் என்று நினைத்து நீங்கள் குழம்பியதுண்டா?

என் பெயர் சிவானந்தன், ஊர் மட்டக்களப்பு. இந்தக் கேள்வியை என்னிடம் கேட்டால் பதில் நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் பிரபலமே இல்லாத இரண்டு சிவானந்தன்களின் கதை. நாலு வருசத்துக்கு முதல் பிரஷர் பார்க்க ஒரு கிளினிக்குக்குப் போயிருந்தேன். உள்ளேயிருந்து நேர்ஸ் பிள்ளை "கே.சிவானந்தன்" என்று கூப்பிட்டது. நான் எழும்பினேன். இரண்டு கதிரை தள்ளி, வெள்ளைச் சாரனோடு இருந்த ஒரு மனிசனும் எழும்பினார். "நீங்க போங்க", "இல்ல, நீங்க முதல் போங்க" என்று இரண்டு பேரும் மரியாதை காட்டிக்கொண்டு நின்றதில், வெளியே வரும்போது கிளினிக் கொப்பி மாறிப்போனதை இரண்டு பேருமே கவனிக்கவில்லை.

வீட்டில் மனைவி கொப்பியைத் திறந்து பார்த்தாள். சீனி 240. அன்று பின்னேரமே சீனிப் போத்தல் அலுமாரிக்கு மேலே ஏறிவிட்டது. ஒரு கிழமை முழுக்க எனக்கு வெறும் தேத்தண்ணி, குரக்கன் பிட்டு. மற்றவர் அந்தக் கிழமையில் என்ன செய்தார் என்று பிறகு அவர் வாயாலேயே கேட்டேன்: "சீனி இல்லவே இல்ல எண்டு கிடந்திச்சு தம்பி. பெருநாளுக்குக் கூட்டாளி வீட்டிலேருந்து வந்த தொதல் முழுக்க நான்தான் திண்டன்."

இரண்டு பேருக்கும் இனிஷியல் கே. என் அப்பா கணபதிப்பிள்ளை, அவருடைய அப்பா கந்தையா. தமிழில் எழுதினாலும் 'க' என்ற ஒரே எழுத்துத்தான், அந்த வழியும் அடைபட்டுப்போயிற்று. கடைசியில் பழைய அடையாள அட்டைதான் வழக்கைத் தீர்த்தது. பிறந்த வருசப்படி அவருடைய இலக்கம் 62இல் தொடங்கும், என்னுடையது 64இல்.

எங்கள் பக்கத்தில் சிவானந்தன் இத்தனை பேர் இருப்பதற்கு, என் கணிப்பில், கல்லடி உப்போடைப் பாடசாலைக்கும் ஒரு பங்கு இருக்கவேண்டும். 1929இல் சுவாமி விபுலாநந்தர் தொடங்கிய சிவானந்த வித்தியாலயம் அது. அடிகளாரின் சமாதியும் அங்கேதான் இருக்கிறது. சென்னையில் எனக்குப் பழக்கமான ஒருவர் இந்தப் பெயரைக் கேட்டவுடனே, "ஓ, ரிஷிகேஷ் சிவானந்தர் பள்ளிக்கூடமா? யோகாசனம் எல்லாம் சொல்லித் தருவாங்களா?" என்றார். அவரைக் குறை சொல்லமாட்டேன். அங்கே படித்தவர்களிலேயே பாதிப் பேர் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

இவர்கள் இரண்டு சிவானந்தர்கள். எங்கள் பாடசாலைக்குப் பெயர் தந்தவர் வங்காளி. வீட்டில் வைத்த பெயர் தாரக்நாத் கோஷால். பரமஹம்சருடைய நேர்ச் சீடர்களில் ஒருவர், இராமகிருஷ்ண மிஷனின் இரண்டாவது தலைவர், 1934இல் காலமானார். மற்றவர் திருநெல்வேலிப் பக்கத்துப் பத்தமடைக்காரர், குப்புசாமி. மலாயாவில் டொக்டராக வேலை செய்துவிட்டு ரிஷிகேஷுக்குப் போய்த் துறவியானவர். தெய்வீக வாழ்க்கைச் சங்கத்தை 1936இல் தொடங்கியவர் இவர்தான். 1963 வரை இருந்தார், ஏராளமாக எழுதினார், அதனால் இவருடைய பெயர்தான் எங்கும் பரவியிருக்கிறது.

எனக்கு வியப்பாயிருப்பது ஒரு வருசக் கணக்கு. காரைதீவில் பிறந்த மயில்வாகனம் என்ற விஞ்ஞான ஆசிரியருக்கு வங்காளச் சிவானந்தர் சந்நியாசம் கொடுத்து விபுலாநந்தர் என்று பெயர் வைத்தது 1924இல். அதே 1924இல்தான் ரிஷிகேஷில் டொக்டர் குப்புசாமி சந்நியாசம் வாங்கிச் சிவானந்தர் ஆனார். ஒரு சிவானந்தர் மயிலாப்பூரில் பெயர் கொடுத்த வருசத்திலேயே இன்னொருவர் கங்கைக் கரையில் அந்தப் பெயரை வாங்கியிருக்கிறார். சென்னைக்காரருக்கு இதைச் சொன்னேன். "அப்போ யோகாசனம் இல்லையா?" என்று கேட்டார்.

சிவானந்தன்கள் இன்னும் முடியவில்லை. கவிஞர் காசி ஆனந்தன் மட்டக்களப்புக்காரர் என்பது பலருக்குத் தெரியும். அவருக்குப் பெற்றோர் வைத்த பெயர் காத்தமுத்து சிவானந்தன். 'கா. சிவானந்தன்' என்று எழுதி, நடுவில் நிற்கிற புள்ளியைத் தூக்கிவிட்டு, 'வா'விலிருந்து வகரத்தை உருவிப் பாருங்கள், காசி ஆனந்தன் வந்து நிற்பார். பள்ளிக்கூட நாளில் கொப்பி மட்டையில் இதை எழுதிப் பார்த்து நானும் புனைபெயர் தேடினேன். என் இனிஷியலுக்கு 'கசியானந்தன்' என்றுதான் வந்தது. ஒழுகுகிற குழாயின் பெயர் மாதிரி இருக்கிறதென்று விட்டுவிட்டேன்.

பிறகு லண்டனில் ஒரு அம்பலவாணர் சிவானந்தன் இருந்தார். 1958 கலவரத்தோடு இலங்கையை விட்டுப் போய், அங்கே இனவெறிக்கு எதிரான எழுத்துக்குப் பெரிய பெயர் ஆனவர். குடியேறி வந்தவர்களைப் பார்த்து முகம் சுளித்த ஆங்கிலேயர்களுக்கு "நீங்கள் அங்கே வந்தீர்கள், அதனால் நாங்கள் இங்கே இருக்கிறோம்" என்று சொன்னவர் இவர்தான். 2018இல் காலமானார். சிக்காகோவில் அகச்சிவப்புக் கதிர்களை உணரும் கருவிகளில் பேர்போன பேராசிரியர் சிவலிங்கம் சிவானந்தன் இருக்கிறார். கூகுளில் என் பெயரைத் தட்டினால் இவர்கள் எல்லாரும் வருகிறார்கள். என்னைக் காணோம்.

கிளினிக்காரரின் அப்பா கந்தையா என்றேனே, கந்தையா என்ற பெயரிலும் நான் ஒருமுறை நன்றாக அடிபட்டிருக்கிறேன். ஓ/எல் சோதனைக்குப் படிக்கும்போது, கண்ணகி அம்மனுக்காக எங்கள் பக்கத்தில் இரண்டு கட்சியாக நின்று கொம்பு இழுத்து முறிக்கிற கொம்புமுறி விளையாட்டைப் பற்றிக் கட்டுரைப் போட்டி வைத்தார்கள். தமிழ் சேர், "கந்தையாட தமிழகத்தை எடுத்துப் பாரு மனே, எல்லாம் கிடக்கு" என்று சொல்லிவிட்டார். ஊர் நூலகத்தில் போய் அப்படியே கேட்டேன். அங்கே இருந்தவர் ஏணி வைத்து ஏறி, மேல் தட்டிலிருந்து மட்டை பழுத்த புத்தகம் ஒன்றைத் தூசி தட்டித் தந்தார். அட்டையில் தமிழகம் என்று இருந்தது, ஆசிரியர் கந்தையா. சரிதானே?

வீட்டுக்குக் கொண்டுவந்து லாம்பு வெளிச்சத்தில் வாசித்தேன். சேரர் வந்தார்கள், சோழர் வந்தார்கள், பாண்டியர் வந்தார்கள். கொம்புமுறி இதோ வரும், இதோ வரும் என்று இரண்டு இரவு புரட்டினேன். மட்டக்களப்பு வாவியும் வரவில்லை, கண்ணகி அம்மன் கோயிலும் வரவில்லை. மூன்றாம் நாள் கட்டுரையைச் சேர, சோழ, பாண்டியரோடு தொடங்கிக் கடைசிப் பந்தியில் மட்டும் கொம்பை முறித்துக் கொடுத்தேன்.

நான் வாசித்தது கந்தரோடை ந.சி.கந்தையா பிள்ளை எழுதிய 'தமிழகம்'. பழந்தமிழர் வரலாற்றைச் சாதாரண வாசகருக்கு எழுதித் தள்ளிய மனிதர், புத்தகங்கள் சென்னையில் வெளிவந்தவை. சேர் சொன்னது மண்டூர்ப் பண்டிதர் வி.சீ.கந்தையாவின் 'மட்டக்களப்புத் தமிழகம்', 1964இல் வந்தது. எங்கள் பக்கத்து வழிபாடு, விளையாட்டு, பேச்சு எல்லாவற்றையும் ஓரிடத்தில் சேர்த்துவைத்த நூல். இரண்டு பேரும் கந்தையா, இரண்டு பேருக்கும் இனிஷியலில் ஒரு சி அல்லது சீ, இரண்டு புத்தகத்திலும் தமிழகம். இதில் குழம்பாதவன்தான் அதிசயம். எங்கள் சேருக்குத் 'தமிழகம்' என்றால் மட்டக்களப்பு, அதற்கு முன்னால் ஊர்ப்பெயர் போடவேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை. கந்தையா என்றால் மண்டூர்க் கந்தையாதான், வேறு யார்? பருத்தித்துறைப் பக்கம் போய்க் கந்தையா என்று சொல்லியிருந்தால், அந்தக் காலத்து ஆட்களுக்கு 1956இல் அங்கே தேர்தலில் வென்ற கம்யூனிஸ்ட் பொன்.கந்தையாதான் நினைவுக்கு வந்திருப்பார்.

என் அப்பாவின் பெயரும் அப்படித்தான். கணபதிப்பிள்ளைகள் இரண்டு பேர், இரண்டு பேருமே பெரிய தமிழறிஞர்கள், ஒரே காலத்தவர்கள். விபுலாநந்தருக்குப் பிறகு இலங்கைப் பல்கலைக்கழகத்தில் தமிழ்ப் பேராசிரியராக வந்து, பேச்சுத் தமிழில் நாடகம் எழுதியவர் க.கணபதிப்பிள்ளை. பண்டிதமணி என்றால் மட்டுவில் சி.கணபதிப்பிள்ளை. சோதனையில் பண்டிதமணியை நாடகம் எழுத வைத்துப் புள்ளி இழந்தவர்கள் எங்கள் வகுப்பிலேயே மூன்று பேர்.

விபுலாநந்தருடைய பழைய பெயரான மயில்வாகனமும் இன்னொருவருடையது. இலங்கை வானொலி என்று சொன்னால் வயதானவர்கள் எஸ்.பி.மயில்வாகனத்தின் குரலைத்தான் சொல்வார்கள், கடலுக்கு அந்தப்பக்கம் தமிழ்நாட்டிலும் அப்படித்தான். அதற்கும் முன்னால் ஒல்லாந்தர் காலத்தில் யாழ்ப்பாணத்தின் கதையை எழுதிய மயில்வாகனப் புலவர். விபுலாநந்தர் பிறந்த காரைதீவுக்கே இரட்டை உண்டு, யாழ்ப்பாணத்துக் காரைநகரின் பழைய பெயர் காரைதீவு. ஊருக்கும் பெயருக்கும் இரண்டு இரண்டு ஆள் என்றால் தபால்காரர் என்ன செய்வார்?

வெள்ளைக்காரப் பெயரிலும் குழம்பியிருக்கிறோம். ஏ/எல் பௌதிகவியல் வகுப்பில் சேர் கரும்பலகையில் எழுதினார்: காந்தப் பாயத்தின் அலகு வெபர். பின் வாங்கிலிருந்து ஒருவன், "சேர், கிரவுண்டு கட்டின ஃபாதரா?" என்று கேட்டான். மட்டக்களப்பில் வெபர் என்றால் மைதானம். மைக்கேல் கல்லூரிப் பொடியன்களை விளையாட்டில் வளர்த்துவிட்ட இயேசு சபை வெபர் ஃபாதரின் பெயர் அதற்கு. வகுப்பே சிரித்தது, சேரும் சிரித்தார். ஆனால் அந்தப் பொடியன் பகிடிக்குக் கேட்கவில்லை என்பது பக்கத்தில் இருந்த எனக்குத் தெரியும். அலகுக்கு உரிய வெபர் ஜெர்மன்காரர் வில்ஹெல்ம் வெபர், 1833இல் கவுஸோடு சேர்ந்து கம்பி வழியே தந்தி அனுப்பிக் காட்டியவர். அவருடைய அண்ணன் ஏர்ன்ஸ்ட் வெபரின் பெயரில் உளவியலில் ஒரு விதி இருக்கிறது. இருபது வருசத்துக்குப் பிறகு, வந்தாறுமூலைப் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படித்த மருமகள் மாக்ஸ் வெபரைக் கொண்டுவந்தாள். அவளிடம் நானே கேட்டேன், "எந்த வெபர், காந்தக்காரரா?" என்று. அவள் பார்த்த பார்வை இன்னும் நினைவிருக்கிறது.

கடைசியாகக் கல்முனைக் கதை, இதைச் சொல்லாமல் விட ஏலாது. 2022 உலகக் கிண்ணத்தில் மொரோக்கோவும் ஸ்பெயினும் மோதிய இரவு, கல்முனைக்குப் பக்கத்துச் சாய்ந்தமருதில் கூட்டாளி வீட்டில் இருந்தேன். தொதல் அனுப்பிய கூட்டாளி இல்லை, இவர் வேறு. இரண்டு பக்கமும் கோல் இல்லாமல் பெனல்ட்டிக்குப் போயிற்று. கடைசி உதையை எடுக்க ஒருவன் வந்தான். வர்ணனையாளர் "அஷ்ரப் ஹக்கீமி, அஷ்ரப் ஹக்கீமி" என்று கத்துகிறார். சாய்மனைக் கதிரையில் அரைத்தூக்கத்தில் இருந்த கூட்டாளியின் வாப்பா திடுக்கிட்டு எழும்பினார். "என்னவாம்? அஷ்ரபுக்கும் ஹக்கீமுக்கும் என்னவாம்?"

கிழக்குக்கு வெளியே இருப்பவர்களுக்காகச் சொல்கிறேன். எங்கள் பக்கத்தில் அஷ்ரப் என்று வெறுமனே சொன்னால் ஒரே ஆள்தான், ஸ்ரீலங்கா முஸ்லிம் காங்கிரஸைத் தொடங்கிய எம்.எச்.எம்.அஷ்ரப். சம்மாந்துறையில் பிறந்து கல்முனையில் வளர்ந்தவர். ஒலுவில் தென்கிழக்குப் பல்கலைக்கழகம் அவர் காலத்து வேலை. 2000 செப்டெம்பர் 16இல் ஹெலிகொப்டர் விபத்தில் காலமானார். கல்முனை ஆஸ்பத்திரிக்கு இன்றைக்கு அவர் பெயர். அவருக்குப் பிறகு கட்சித் தலைமைக்கு வந்தவர் ரவூப் ஹக்கீம். ஆகவே அந்தக் கிழவருடைய காதில் தலைவரும் அடுத்த தலைவரும் ஒரே மூச்சில் விழுந்திருக்கிறார்கள், அதுவும் நடுச்சாமத்தில், கத்தார் மைதானத்திலிருந்து. பந்து கோலுக்குள் மெதுவாகப் போய் விழுந்தது. "ஒண்டுமில்ல வாப்பா, வெண்டுட்டாங்க" என்றான் பேரன். கிழவர், "அல்ஹம்துலில்லாஹ்" என்று சொல்லிவிட்டுத் திரும்பப் படுத்துவிட்டார். யார் வென்றது, எந்தத் தேர்தலில் என்று அவர் கேட்கவில்லை.

கிளினிக் சிவானந்தனோடு இப்போது நல்ல பழக்கம். அவர் வந்தாறுமூலைப் பக்கம், நான் கல்லடி. என் போனில் அவருடைய இலக்கத்தைச் 'சிவானந்தன் சீனி' என்று போட்டு வைத்திருக்கிறேன். அவருடைய போனில் நான் 'சிவானந்தன் பிரஷர்'. கிளினிக் நாளில் இரண்டு பேரும் பக்கத்துப் பக்கத்துக் கதிரையில் இருப்போம். பெயர் கூப்பிட்டால் எழும்பாமல், "எந்தச் சிவானந்தன் பிள்ள?" என்று அவர் இருந்த இடத்திலேயே சத்தம் போடுவார்.