எதிலும் நிற்க மாட்டேன் என்கிறானே என்று கேட்ட அம்மாவுக்கு

அம்மா, நீங்கள் எழுதியதை இரண்டு தடவை படித்தேன். பையன் இன்ஜினியரிங் இரண்டாம் வருடம், ராத்திரியெல்லாம் பாட்டுக்கு மெட்டுப் போடுகிறான், கதை எழுதுகிறான், நாடகம் என்றால் ஓடுகிறான், இவன் எதில்தான் உருப்படுவான் என்று கேட்டிருக்கிறீர்கள். இப்படிக் கேட்பவர்களிடம் நான் போரிஸ் வியான் கதையைத்தான் சொல்வது.

பிரான்ஸ்காரர், 1920இல் பிறந்தவர். எகோல் சாந்த்ரால் என்ற பேர்பெற்ற பொறியியல் கல்லூரியில் படித்து 1942இல் பட்டம் வாங்கினார். அதே வருடம் அந்த நாட்டின் தரநிர்ணய அமைப்பில் வேலை, நம் ஊரில் ஐஎஸ்ஐ முத்திரை தரும் அமைப்பு மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். கண்ணாடிப் பொருட்களுக்குத் தரம் எழுதும் பிரிவு. பகலில் அது, வேலை முடிந்தால் ஜாஸ் குழுவில் டிரம்பெட். அப்புறம் அந்த ஆபீஸையே கிண்டல் செய்து ஒரு நாவலும் எழுதி முடித்தார், சம்பளம் அங்கே வாங்கிக்கொண்டிருந்தபோதே!

1947இல் ஆபீஸ் வேலையை அடியோடு விட்டார். இன்று பிரான்ஸில் கொண்டாடப்படும் அவருடைய வேறொரு நாவல் அந்த வருடம்தான் வந்தது, அப்போது சரியாக விற்கவில்லை. அதற்குப் பிறகு பணக் கஷ்டம். இந்த இடத்தைத்தான் பையன் கவனிக்க வேண்டும். போருக்குப் போக மாட்டேன் என்று 1954இல் பாட்டு எழுதி, அதை வானொலியில் போட விடாத அளவுக்குப் பெயர் வாங்கிய மனிதர், அதற்குச் சில வருடம் முன்னால் பிராட்லி என்ற அமெரிக்க ராணுவ ஜெனரலின் நினைவுக் குறிப்புகளை உட்கார்ந்து பிரெஞ்சில் மொழிபெயர்த்தார். பிடித்தா செய்திருப்பார்? வீட்டுச் செலவு இருந்தது, கையில் மொழி இருந்தது. பிறகு பிலிப்ஸ் இசைத்தட்டுக் கம்பெனியில் ஜாஸ் தட்டுகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை கிடைத்தது, அதுவும் அத்தனை வருடம் ஜாஸ் கேட்டு, வாசித்து, அதைப் பற்றி எழுதிய பழக்கத்தால் வந்ததுதான். படங்களிலும் சின்னச் சின்ன வேடங்களில் நடித்தார். சிறுவயதிலேயே இதயம் பழுதான உடம்பு, அதனால் டிரம்பெட்டைப் பாதியில் விட வேண்டியிருந்தது, 1959இல் 39 வயதில் போய்விட்டார்.

அதனால் பையனிடம் "பாட்டா, படிப்பா" என்று சண்டை போடாதீர்கள் அம்மா. படிப்பை முடிக்கட்டும், இன்னும் இரண்டு வருடம்தானே. பாட்டையும் பிடுங்காதீர்கள், பிடுங்கினால் படிப்பும் சேர்ந்து போகும், அதை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். ஆனால் ஒன்று கேளுங்கள், இந்த ஆறு மாதத்தில் எதை முழுசாக முடித்தாய் என்று. ஆரம்பித்தவை எத்தனை இருந்தாலும் எனக்குக் கணக்கில்லை. கூடவே மொழிபெயர்ப்பு, சப்டைட்டில், ஒலிப்பதிவு என்று காசு வரக்கூடிய ஒரு பக்கவேலையை இப்போதே கற்றுக்கொள்ளட்டும். ராத்திரி ஒரு மணிக்கு மேல் விழித்திருக்க விடாதீர்கள், அதில் மட்டும் கண்டிப்பாக இருங்கள்.

முடித்த பாட்டு இரண்டு மூன்று இருந்தால் எனக்கு அனுப்பச் சொல்லுங்கள். அரியர் இருந்தால் எத்தனை என்று மறைக்காமல் எழுதட்டும், திட்ட மாட்டேன். ஞாயிற்றுக்கிழமை காலையில் அவனோடு நானே பேசுகிறேன்.