எழுத்தை நம்பாதீர்கள்: ஆங்கிலச் சொல் கேள்வி பதில்

கேள்வி: ஐயா, ராணுவப் பதவியான 'கர்னல்' என்ற சொல்லை எழுதும்போது ஓர் 'ஆர்' கூட இல்லை. ரகர ஒலி எங்கிருந்து வந்தது?

பதில்: நான் காத்திருந்த கேள்வி இது. தூண் என்று பொருள்படும் 'கொலோன்னா'விலிருந்து இத்தாலியில் 'கொலொன்னெல்லோ' பிறந்தது. வரிசையாக நிற்கும் படைக்குத் தலைவன் என்று பொருள். பிரெஞ்சுக்காரர் வாயில் முதல் லகரம் ரகரமாகி 'கொரொனெல்' ஆயிற்று. 16ஆம் நூற்றாண்டில் ஆங்கிலம் வாங்கிக்கொண்டது இதைத்தான். பிறகு கற்றோர் இத்தாலிய மூலத்தைப் பார்த்து எழுத்தில் 'எல்'லைத் திரும்ப வைத்தார்கள். நாக்கு மட்டும் பழைய வழியிலேயே நின்றுவிட்டது. அமெரிக்கர் அந்த ரகரத்தைத் தெளிவாக ஒலிப்பார்கள். பிரிட்டனில் பெரும்பாலோர் அதை விட்டுவிட்டு முன்னுள்ள உயிரை நீட்டுவார்கள்.

கேள்வி: கடனைக் குறிக்கும் 'டெட்' சொல்லில் 'பி' எதற்கு?

பதில்: லத்தீனில் 'டெபிட்டும்'. அந்த உறவைக் காட்டக் கற்றோர் பின்னாளில் செருகிய எழுத்து. ஒலிக்காதீர்கள்.

கேள்வி: 'ரிசீட்' சொல்லிலும் 'பி' இருக்கிறதே?

பதில்: அதே கதைதான். ஆனால் கவனியுங்கள்: டெட்டின் 'பி' (b) வேறு, ரிசீட்டின் 'பி' (p) வேறு. தமிழில் எழுதினால் இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன. ஆகவே ஆங்கில உச்சரிப்பைத் தமிழில் எழுதி மனப்பாடம் செய்யாதீர்கள், காதால் கேளுங்கள்.

கேள்வி: தீவு என்னும் 'ஐலண்ட்' சொல்லில் 'எஸ்' ஏன் ஊமை?

பதில்: ஊமை எழுத்து பற்றி மூன்றாவது கேள்வி. மேலே உள்ளதைப் படித்துவிட்டுக் கேளுங்கள். ஒன்று மட்டும் புதிது: இது லத்தீன் வழி வந்த சொல்லே அல்ல, பழைய ஆங்கிலச் சொல். 'ஐல்' என்ற வேறொரு சொல்லோடு குழப்பி 'எஸ்'ஸைச் சேர்த்துவிட்டார்கள்.

கேள்வி: 'ஷல்', 'வில்' எதை எங்கே பயன்படுத்துவது?

பதில்: அது இலக்கணம். இலக்கண ஆசிரியரிடம் கேளுங்கள்.

கேள்வி: 'டிஃபெனஸ்ட்ரேஷன்' என்றால் என்ன?

பதில்: ஒருவரை ஜன்னல் வழியாக வெளியே வீசுதல். லத்தீனில் 'ஃபெனெஸ்ட்ரா' என்றால் ஜன்னல். 1618இல் பிராக் கோட்டையில் மூவரை இப்படி வீசினார்கள். மூவரும் பிழைத்தார்கள், முப்பதாண்டுப் போர் மூண்டது. அழுத்தம் 'ஸ்ட்ரே' மீது விழ வேண்டும்.

கேள்வி: 'ஆஃபன்' சரியா, 'ஆஃப்டன்' சரியா? 'டி'யை ஒலித்தால் பிழை என்றார் என் ஆசிரியர்.

பதில்: இரண்டும் அகராதியில் உண்டு. முன்பு ஒலித்த 'டி' பேச்சில் தேய்ந்தது. பிறகு எழுத்தைப் பார்த்துப் படித்தவர்கள் அதை மீட்டார்கள்.

இன்னொருவர்: எழுத்தை நம்பாதே என்ற நீங்களே இதை ஏற்கலாமா? அப்படியென்றால் 'லிசன்' சொல்லிலும் 'டி'யை ஒலிப்போமா?

பதில்: நியாயமான மடக்கு. ஆனால் நான் ஏற்பது எழுத்தை அல்ல, வழக்கை. ஆஃபனில் அந்த 'டி'யைத் தாய்மொழியாளர் பலர் சொல்கிறார்கள். லிசனில் யாரும் சொல்வதில்லை.